செம்பிலிருந்து கண்ணாடிக்கு

2010இல் மலேசியாவில் யூனிஃபை இணையச் சேவை வந்தபோது, பல அடுக்குமாடிகளில் ஃபைபர், அதாவது ஒளியைக் கடத்தும் கண்ணாடி இழை, கட்டடத்தோடு நின்றுவிட்டது. அங்கிருந்து வீடுவரை பழைய டெலிபோன் கம்பிதான். ஒரே இணைப்பில் பெரும்பகுதி ஒளி, கடைசித் துண்டு மின்சாரம்.

இப்படிச் செம்பையும் ஃபைபரையும் சேர்ப்பதை, கணினி வலையமைப்பைத் திரையில் கட்டிப் பழக உதவும் சிஸ்கோவின் பேக்கெட் டிரேசர் மென்பொருளில் செய்து பார்க்கலாம். கோலாலம்பூரின் பிரிக்ஃபீல்ட்ஸில் 400 மீட்டர் இடைவெளியில் இரண்டு டியூஷன் மையங்கள் இருப்பதாக வைத்துக்கொள்வோம். கணினிகளை இணைக்கும் செம்பு ஈதர்நெட் கேபிள் 100 மீட்டருக்குத்தான் உத்தரவாதம். நூறு மெகாபிட் ஃபைபரோ 2 கிலோமீட்டர் வரை போகும். ஆகவே கட்டடத்துக்குள் செம்பு, நடுவில் ஃபைபர்.

செம்புக் கேபிளை ஃபைபர் போர்ட்டில் (செருகுவாயில்) செருகப் பார்த்தால் மென்பொருள் விடாது. இரண்டு வகைப் போர்ட்டும் உள்ள ஒரு பெட்டி வேண்டும். பேக்கெட் டிரேசரின் பொதுவகை சுவிட்சில், அதாவது கணினிகளை ஒன்றோடொன்று இணைக்கும் பெட்டியில், இரண்டும் இருக்கின்றன. வேறு சாதனமென்றால் பவரை அணைத்துவிட்டு ஃபைபர் மாட்யூலைச் செருக வேண்டும். அணைக்க மறந்து தலையைச் சொறிவது மாணவர்களின் பழைய வழக்கம்!

சரி, அந்தப் பெட்டிக்குள் என்ன நடக்கிறது? சுவிட்ச் மின்துடிப்புகளைப் பிட்டுகளாகப் படிக்கிறது, முகவரியைப் பார்க்கிறது, அதே ஃபிரேமை (முகவரியோடு வரும் தரவுப் பொட்டலத்தை) ஒளித்துடிப்புகளாக அனுப்புகிறது. ஃபிரேமில் ஓர் எழுத்துகூட மாறுவதில்லை. ரிப்பீட்டர் என்ற எளிய பெட்டியோ முகவரியைக்கூடப் பார்க்காது, வந்ததை அப்படியே மாற்றித் தள்ளும். நூறு மெகாபிட்டில் அது சுலபம்: செம்பு, ஃபைபர் இரண்டிலும் ஒவ்வொரு 4 பிட்டும் 5 பிட்டாகக் குறியிடப்படுகிறது. கம்பியில் மூன்று மின்னழுத்த நிலைகள், இழையில் ஒளி உண்டு அல்லது இல்லை. முக்கிய வேறுபாடு அதுதான்.

வேகத்தில்தான் சிக்கல். செம்புப் போர்ட்டுகள் தங்களுக்குள் பேசி 10, 100, 1000 மெகாபிட் என்று ஒரு வேகத்துக்கு ஒத்துவரும். ஃபைபரில் அந்தப் பேரம் இல்லை. நூறு மெகாபிட் ஃபைபர் 1300 நானோமீட்டர் ஒளியில் பேசுகிறது. குறுந்தூர கிகாபிட் 850இல். இரண்டையும் இணைத்தால் இணைப்பு விளக்கு எரியாது.

பேக்கெட் டிரேசர் திரையில் கேபிள் முனையிலுள்ள முக்கோணம் ஆரஞ்சாக இருந்தால் பதற வேண்டாம். தரவு சுற்றிச் சுற்றி வரும் லூப் இருக்கிறதா என்று சுவிட்ச் பார்த்துக்கொண்டிருக்கிறது, அரை நிமிடத்தில் பச்சையாகும்.

நிஜத்தில் பச்சை விளக்கு இவ்வளவு எளிதில் கிடைக்காது. அனுப்பும் இழையும் பெறும் இழையும் இடம் மாறியிருக்கலாம், இழை முனையில் தூசி படிந்திருக்கலாம். மென்பொருளில் இடியும் கிடையாது. கோலாலம்பூரின் மாலை இடிமழையில் கட்டடங்களுக்கு நடுவே செம்பு இழுத்தால், மின்னல் பாய்ச்சும் மின்னழுத்தம் இரு முனையிலும் உள்ள சுவிட்சுகளைக் கருக்கிவிடும். கண்ணாடி மின்சாரத்தைக் கடத்தாது. 100 மீட்டருக்குள் இருந்தாலும் இரண்டு கட்டடங்களுக்கு இடையில் நான் ஃபைபரைத்தான் சொல்வேன்.