ஜிங்காட்டுக்கு ஆடுங்கள், காதைப் பலிகொடுத்து அல்ல

கணபதி சிலைகளைக் கரைக்கும் அனந்த சதுர்த்தசி முடிந்ததும் மகாராஷ்டிரத்தில் காது மருத்துவர்களைத் தேடி இளைஞர்கள் வருவது வழக்கமாகிவிட்டது. எல்லோரிடமும் ஒரே புகார்: காதில் 'கொய்ங்' என்ற இரைச்சல், பேச்சு மந்தமாகக் கேட்கிறது. விசாரித்தால் ஸ்பீக்கர் பெட்டிக்கு முன்னால் ஆடியிருப்பார்கள்.

2016இல் 'சைராட்' என்ற மராத்திப் படத்துக்காக அஜய்-அதுல் இசையமைத்த பாட்டு ஜிங்காட். 2018இல் இந்திக்கும் போனது. கல்யாணமோ கணபதி ஊர்வலமோ, இன்னும் இது இல்லாமல் முடிவதில்லை. ஸ்டெப் தெரிய வேண்டியதில்லை, குதித்தால் போதும். சிக்கலும் இங்கேதான். ஒருமுறை போட்டதோடு யாரும் விடுவதில்லை.

85 டெசிபல் சத்தத்தை ஒரு நாளில் 8 மணி நேரம் வரை கேட்கலாம் என்பது கணக்கு. ஒவ்வொரு 3 டெசிபல் கூடும்போதும் நேரம் பாதியாகும். 100 டெசிபலுக்கு 15 நிமிடம். 106க்கு நான்கு நிமிடம்கூட இல்லை. ஜிங்காட் ஒருமுறை ஓடி முடிவதற்குள் அன்றைய பங்கு தீர்ந்துவிடும்.

"எனக்குப் பழகிடுச்சு டாக்டர்" என்பார்கள். தயவுசெய்து இதைச் சொல்லாதீர்கள். காது பழகாது. சத்தம் உறைக்கவில்லை என்றால் ஒலியை உணரும் உள்காதின் மயிர்செல்கள் செத்துக்கொண்டிருக்கலாம், அவை திரும்ப முளைக்காது. இரண்டு நாளில் இரைச்சல் நின்றுவிட்டாலும் காது முழுதாகத் தேறியது என்று பொருளில்லை. சாதாரணப் பேச்சு கேட்கிறதே என்பதும் சாட்சியல்ல. பாதிப்பு பெரும்பாலும் கீச்சொலிகள் இருக்கும் 4,000 ஹெர்ட்ஸ் பக்கம் தொடங்கும். ஆடியோகிராமில், அதாவது கேட்கும் திறனைக் காட்டும் வரைபடத்தில், அந்த இடத்தில் பள்ளம் தெரியும். கூட்டத்தில் பேச்சு புரியாமல் போகும்போதுதான் பலருக்கு உறைக்கிறது.

காதில் பஞ்சு வைப்பது வீண், சில டெசிபல்தான் குறையும். காதில் வைக்கும் ஃபோம் அடைப்பானை மெல்லியதாக உருட்டி, மறுகையால் காதை மேலும் பின்னுமாக இழுத்து, உள்ளே நுழைத்து 30 விநாடி பிடித்திருங்கள். பாதி வெளியே நீட்டிக்கொண்டிருந்தால் அது வேலை செய்யவில்லை.

பெட்டியை விட்டுத் தள்ளி ஆடுங்கள். திறந்த வெளியில் தூரம் இரட்டிப்பானால் 6 டெசிபல் குறையும். இருபுறமும் கட்டடங்கள் நெருங்கிய புனேயின் லக்ஷ்மி சாலை போன்ற தெருவில் அவ்வளவு குறையாது. நாலு பாட்டுக்கு ஒருமுறை சத்தம் எட்டாத இடத்துக்குப் போய் நில்லுங்கள். கைக்குழந்தையைத் தோளில் வைத்துக்கொண்டு பெட்டி அருகே நிற்கவே கூடாது. கொஞ்சம் வளர்ந்த பிள்ளைகளுக்குக் காதை முழுதாக மூடும் இயர்மஃப் போடுங்கள்.

ஒரு காது திடீரென அடைத்தாலோ, இரைச்சல் மறுநாளும் நிற்காவிட்டாலோ உடனே காது மருத்துவரிடம் போங்கள். திடீர்ச் செவிட்டுக்கான ஸ்டீராய்டு சிகிச்சையை எவ்வளவு சீக்கிரம் தொடங்குகிறோமோ அவ்வளவு நல்லது. இரண்டு வாரம் தாண்டினால் பலன் குறைந்துவிடும். மருத்துவரைப் பார்க்கும்வரை காதில் எண்ணெய் காய்ச்சி ஊற்றாதீர்கள்.