படத்தொகுப்பாளரா, பதிப்பாசிரியரா?

ஸ்பீல்பெர்க் படங்களைப் பற்றிய ஒரு மொழிபெயர்ப்புக் கட்டுரையில் ‘பதிப்பாசிரியர் மைக்கேல் கான்’ என்று இருந்தது. கான் அந்தப் படங்கள் பலவற்றின் எடிட்டர், அதாவது படத்தொகுப்பாளர். இந்த மாதத்தில் இதே தவறு கண்ணில் படுவது மூன்றாவது முறை. இனியும் எழுதாமல் இருக்க முடியவில்லை.

எடிட்டர் என்பது இலத்தீன் வழி வந்த சொல். ‘வெளியே கொடு’ என்பது வேரின் பொருள். நூலை வெளியிடுபவருக்கு வைத்த பெயர் பத்திரிகைக்குப் போய், அப்புறம் சினிமாவுக்கும் வந்தது. ஹாலிவுட்டின் தொடக்கக் காலத்தில் இந்த வேலை பார்த்தவர்களைக் ‘கட்டர்’, அதாவது வெட்டுபவர் என்றுதான் அழைத்தார்கள். சரி, வேர் பார்த்தது போதும்.

பதிப்பாசிரியர் என்றால் நமக்கு உ.வே.சா. 1887இல் சீவக சிந்தாமணியை அச்சேற்ற ஏட்டுச்சுவடிகளைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்து ஒப்பிட்டார். சுவடிக்குச் சுவடி சொற்கள் மாறும் பாடபேதம் பார்த்து, திருத்தக்கதேவர் எழுதியது எதுவாக இருக்கும் என்று தேடினார். அங்கே மூலம் ஏற்கெனவே உண்டு. அதை மீட்டுத் தருவதுதான் பதிப்பு. மைக்கேல் கானின் மேசைக்கு அப்படி ஒரு மூலம் வருவதே இல்லை. நடிகர் ஒரே வசனத்தை ஐந்து விதமாகச் சொன்ன ஐந்து துண்டுகள் வரும். எதை எடுப்பது, எங்கே நிறுத்துவது, அடுத்து யார் முகத்துக்குப் போவது என்று அவர் முடிவு செய்த பிறகுதான் அந்தக் காட்சியே உருவாகிறது.

‘திருத்துநர்’ என்று எழுதுபவர்களும் இருக்கிறார்கள். செல்பேசிச் செயலிகளில் ‘திருத்து’ என்று பார்த்துப் பழகியதால் வந்த வினை இது. பிழை இருந்தால்தானே திருத்த வேண்டும்? கான் தொலைக்காட்சி நகைச்சுவைத் தொடரில் வேலை பார்த்து வந்தவர். 1981இல் இண்டியானா ஜோன்ஸின் முதல் சாகசம், 1982இல் ‘போல்ட்டர்கைஸ்ட்’ என்ற பேய்ப்படம். 1993 ஜூனில் ‘ஜுராசிக் பார்க்’ டைனோசர்கள் வந்தன. அதே ஆண்டு டிசம்பரில் ‘ஷிண்ட்லர்ஸ் லிஸ்ட்’. 1998இல் ‘சேவிங் பிரைவேட் ரயான்’ போர்ப்படம். இவற்றில் மூன்றைத் தொகுத்ததற்கு ஆஸ்கர் பெற்றார். எல்லோரும் கணினிக்கு மாறிய பிறகும் பல ஆண்டுகள் படச்சுருளைக் கையால் வெட்டி, நாடாவால் ஒட்டிக்கொண்டிருந்தார். பயமுறுத்தவும் சிரிக்கவைக்கவும் அழவைக்கவும் தெரிந்த அந்தக் கைக்குத் திருத்துநர் என்று பெயர் வைப்பது அநியாயம்.

‘தொகுப்பாளர் என்றால் டிவியில் மைக் பிடிப்பவர் என்றல்லவா நினைப்பார்கள்?’ என்று ஒரு நண்பர் கேட்டார். அந்தச் சொல்லை அங்கே கொண்டுபோய் வைத்தது தொலைக்காட்சி செய்த குழப்பம். அதற்காக நம் சொல்லை நாம் ஏன் விட்டுக்கொடுக்க வேண்டும்? முன்னால் ‘பட’ சேர்த்துப் படத்தொகுப்பாளர் என்று எழுதினால் யாருக்கும் குழப்பம் வராது. நம் படங்களின் பெயர்ப் பட்டியலிலேயே ‘படத்தொகுப்பு’ என்று வருகிறது. மொழிபெயர்ப்பவர்கள் அகராதியில் முதலில் கிடைக்கும் பொருளை எடுத்துக்கொண்டு ஓடுகிறார்கள். சினிமாவில் என்ன சொல்கிறார்கள் என்று ஒருவரைக் கேட்டால் என்ன குறைந்துவிடும்?

தொகுப்பு என்றால் வெறுமனே சேர்த்து வைப்பதுதானே என்பவர்கள் அகநானூற்றைத் திறந்து பார்க்கட்டும். பாடல்கள் பல புலவர்களுடையவை. தொகுத்தவரோ 1, 3, 5, 7, 9 என்று ஒற்றைப்படை எண்களில் எல்லாம் பிரிவைப் பாடும் பாலையை வைத்தார். 2, 8 என முடியும் எண்கள் குறிஞ்சிக்கு, 4 முல்லைக்கு, 6 மருதத்துக்கு. பத்து, இருபது என வருபவை நெய்தலுக்கு. வரிசையாகப் படித்தால் ஒரு பாட்டு விட்டு ஒரு பாட்டில் பிரிவு வந்துகொண்டே இருக்கும். அந்தத் தாளம் எந்தத் தனிப் பாட்டிலும் இல்லை, வரிசையில்தான் இருக்கிறது. அதைச் செய்த உருத்திரசன்மரைத் ‘தொகுத்தவர்’ என்றும், செய்யச் சொன்ன பாண்டியன் உக்கிரப்பெருவழுதியைத் ‘தொகுப்பித்தவர்’ என்றும் பிரித்தே குறித்து வைத்திருக்கிறார்கள்.