தாங்குதிறன்: சொல்லும் கணக்கும்

தாங்குதிறன் என்பது ஓர் இடம் தன் இயல்பு கெடாமல் பொறுத்துக்கொள்ளும் பயன்பாட்டின் உச்ச அளவு. அதற்குள் நின்றால் பட்ட காயம் அடுத்த பருவத்துக்குள் ஆறிவிடும். தாண்டினால் ஆறாமல் சேர்ந்துகொண்டே போகும். ஆங்கிலத்தில் கேரியிங் கெபாசிட்டி.

தமிழ்ச் செய்தித்தாள்களில் இந்தச் சொல் தென்பட்ட ஓர் இடம் ஊட்டி, கொடைக்கானல் இ-பாஸ் வழக்கு. சென்னை உயர் நீதிமன்ற உத்தரவுப்படி 2024 மே 7 முதல் அங்கே போகும் வண்டிகளுக்கு இ-பாஸ் கட்டாயமானது. மறு ஆண்டு கோடையில் நீலகிரிக்கு வார நாளில் 6,000, வார இறுதியில் 8,000 வண்டிகள் என்று வரம்பும் வந்தது. மலைக்கு எழுந்த அதே கேள்வி இராமநாதபுரம் கடலோரத்துக்கும் பொருந்தும். 1986-ல் அறிவிக்கப்பட்ட மன்னார் வளைகுடா கடல்சார் தேசியப் பூங்கா பாம்பனிலிருந்து தூத்துக்குடி வரை 21 தீவுகளையும் அவற்றைச் சுற்றியுள்ள கடலையும் சேர்த்து 560 சதுர கிலோமீட்டர். அவற்றில் இரண்டு தீவுகள் இப்போது நீருக்குள் மூழ்கிக் கிடக்கின்றன. குந்துகாலிலிருந்து குருசடைத் தீவுக்கும், பிச்சைமூப்பன்வலசையிலிருந்து கடலுக்குள் இருக்கும் மணல்திட்டுக்கும், பூங்கா எல்லைக்கு வெளியே வடகடல் (பாக் நீரிணை) பக்கம் காரங்காட்டு அலையாத்திக் காட்டுக்கும் சூழல் சுற்றுலாப் படகு போகிறது. ‘ஒரு நாளைக்கு எத்தனை பேர் வரலாம்’ என்று யார் கேட்டாலும், அவர் கேட்பது தாங்குதிறனைத்தான்.

இந்த ஆங்கிலத் தொடர் பிறந்த இடம் கடல். 1840-களில் அமெரிக்கக் கப்பல், சுங்க ஆவணங்களில் ஒரு கப்பல் எவ்வளவு சரக்கு ஏற்றும் என்பதைக் குறிக்க எழுதினார்கள். அங்கிருந்து கரையேறி மேய்ச்சல் நிலத்துக்குப் போனது: இவ்வளவு புல்வெளிக்கு இத்தனை மாடு. 1933-ல் அமெரிக்க வனவியலாளர் ஆல்டோ லியோபோல்ட் வனவிலங்கு மேலாண்மையில் அதை வழக்கப்படுத்தினார். 1964-ல் அமெரிக்க வன ஆய்வாளர் ஆலன் வாகர் பொழுதுபோக்குக்கு வரும் மனிதர்களுக்கு அதைப் பொருத்திப் பார்த்தார். எண்ணிக்கை மட்டும் பார்த்தால் போதாது, வந்தவர் பெறும் அனுபவத்தின் தரமும் சேரவேண்டும் என்று அப்போதே சொன்னார். 1978-ல் அமெரிக்கச் சட்டம் ஒவ்வொரு தேசியப் பூங்காவும் தன் வருகையாளர் தாங்குதிறனைத் திட்டத்தில் எழுதியாக வேண்டும் என்றது. இந்தப் பயணத்தில் ஒரு பழுதும் கூடவே வந்துவிட்டது. கப்பலின் சரக்கு அளவு கட்டும்போதே தீர்மானமாகிவிடும், மாறாது. புல்வெளியும் பவளத்திட்டும் அப்படியில்லை. மழைக்கும் வெயிலுக்கும் ஏற்ப அவற்றின் வரம்பு ஏறி இறங்கும். ஒரே ஒரு எண்ணைக் கேட்டு நச்சரிக்கும் பழக்கம் அந்தக் கப்பல் காலத்து மிச்சம்.

தமிழில் இதற்குக் கொள்ளளவு, கொள்திறன், சுமக்கும் திறன், ஏற்புத்திறன், தாங்கும் திறன், தாங்குதிறன் எனப் பல சொற்கள் புழங்குகின்றன. இந்தக் கட்டுரையின் தேர்வு தாங்குதிறன். கொள்ளளவு என்று எழுதுவது வெறும் சொல் தவறோடு நிற்பதில்லை, கணக்கையே தவறாக்கிவிடும். கண்மாய்க்கும் அணைக்கும் கொள்ளளவு சரி. எவ்வளவு நிரம்பும் என்பதே அங்கே கேள்வி. ஒரு ஃபைபர் படகை எடுத்துக்கொள்வோம். நெருக்கி உட்கார்ந்தால் இருபது பேருக்கு இடம் இருக்கும்; அது கொள்ளளவு. உரிமத்தில் பன்னிரண்டு பேர் என்று எழுதியிருந்தால் அது அனுமதி அளவு. காற்று எழும்பிய நாளில் படகின் விளிம்புக்கும் தண்ணீருக்கும் இடையே போதுமான உயரம் நிற்க வேண்டுமானால் எட்டுப் பேரோடு நிறுத்த வேண்டியிருக்கும். அதுதான் அன்றைய தாங்குதிறன். மூன்றும் மூன்று எண்கள்.

தாங்கு என்ற வினைக்குப் பொறு, ஏந்து, விழாமல் நிறுத்து, இடையில் தளராமல் நில் என்ற பொருள்கள் உண்டு. தலைச்சுமையோடு நடந்தவர்கள் யார் துணையும் இல்லாமல் பாரத்தை இறக்கி ஆற, வழியோரம் ஆள் உயரத்துக்கு நட்ட கல் சுமைதாங்கி. வட மாவட்டங்களில் சிறு ஏரிக்குத் தாங்கல் என்று பெயர். அதே பொருளில் இராமநாதபுரம் சீமையில் ஏந்தல். ஏந்தல் என்று முடியும் ஊர்ப்பெயர்கள் இங்கே ஏராளம். நீரை ஏந்துவதையும் தாங்குவதையும் நம் ஊர்ப்பெயர்களே ஒன்றாகப் பார்த்திருக்கின்றன. எழுதும்போது ‘தாங்குத்திறன்’ என்று ஒற்று மிகுத்து எழுதக்கூடாது. தாங்கு + திறன் வினைத்தொகை; வினைத்தொகையில் வல்லினம் மிகாது. தாங்கிய, தாங்குகின்ற, தாங்கும் என்ற மூன்று காலமும் அதற்குள் அடங்கும் என்பதால், நாளுக்கு நாள் மாறும் ஓர் அளவைச் சொல்ல இந்தத் தொகை பொருத்தமானது. ‘தாங்கும் திறன்’ என்று பிரித்து எழுதுவதும் பிழையில்லை.

கருத்தும் நமக்குப் புதிதில்லை. பாண்டியன் அறிவுடை நம்பிக்குப் பிசிராந்தையார் சொன்ன புறநானூற்று 184-ஆம் பாட்டு வரி வசூலைப் பற்றியது. ‘மா’ என்னும் நில அளவு ஒன்றுக்கும் குறைந்த நிலத்து நெல்லை அறுத்துக் கவளமாகக் கொடுத்தால் யானைக்குப் பல நாள் வரும். நூறு செறு (வயல்) இருந்தாலும் யானை தானே வயலில் புகுந்தால் ‘வாய்புகு வதனினும் கால்பெரிது கெடுக்கும்’. பூங்கா மேலாளர்கள் மிதிசேதம் என்று சொல்வது இதையேதான். வந்தவர் எடுத்துப் போகும் சிப்பியைவிட, வற்றத்தில் (கடல் நீர் வடிந்திருக்கும் நேரத்தில்) முட்டளவுத் தண்ணீரில் நடந்து மிதித்த பவளக்கிளைகளின் நட்டம் பெரிது.

இனி கணக்கு. 1992-ல் மிகேல் சிஃபுவென்டெஸ் வகுத்த மூன்று படி முறைதான் பரவலாக எடுத்தாளப்படுகிறது. இந்தியாவில் 2012-ல் வந்த புலிகள் காப்பகச் சுற்றுலா வழிகாட்டு நெறிகளிலும் இந்த முறைதான். கீழே உள்ள எண்கள் விளக்கத்துக்காக எடுத்துக்கொண்டவை, எந்தத் தீவின் அளவும் அல்ல.

முதல் படி, இட அளவு. தீவில் 500 மீட்டர் நடைபாதை. ஒரு குழுவுக்குப் பத்துப் பேர், ஆளுக்கு ஒரு மீட்டர். அடுத்த குழு 90 மீட்டர் தள்ளி வர வேண்டும். ஆக 100 மீட்டருக்கு ஒரு குழு, ஒரே நேரத்தில் ஐந்து குழு, 50 பேர். திறந்திருப்பது ஆறு மணி நேரம், ஒரு சுற்றுக்கு ஒன்றரை மணி நேரம் என்றால் நான்கு சுற்று. 50 × 4 = 200.

இரண்டாம் படி, இயற்கைத் திருத்தம். ஆறு மணி நேரத்தில் இரண்டு மணி நேரம் நீர் வற்றிப் படகின் அடி தரைதட்டும் என்றால் மிஞ்சுவது நான்கு மணி நேரம். 200-ஐ ஆறில் நான்காகக் குறைத்தால் 133. மணல் கரையும் சரிவு, பறவை கூடுகட்டும் பகுதி போன்றவற்றுக்கும் இப்படியே ஒவ்வொரு திருத்தம் போடலாம்.

மூன்றாம் படி, நிர்வாகத் திருத்தம். பத்து வழிகாட்டிகள் தேவைப்படும் இடத்தில் ஆறு பேர்தான் இருந்தால் 0.6. 133-ல் அது 80. இருநூறில் தொடங்கிய எண் எண்பதில் வந்து நிற்கிறது. இரண்டாவது குறைப்புக்குக் காரணம் கடலோ பவளமோ இல்லை, ஆள் பற்றாக்குறை. நான்கு பேரைப் பயிற்றுவித்து வேலைக்குச் சேர்த்தால் தீவுக்கு மேலும் தீங்கில்லாமல் 133 வரை போகலாம். இந்தக் கணக்கின் உண்மையான பயன் இங்கேதான் இருக்கிறது. இறுதி எண்ணைவிட, எது நம்மைத் தடுக்கிறது என்று காட்டுவதால்தான் இதைப் போட வேண்டும்.

இங்கே அடிக்கடி நடக்கும் பிழை ஒன்று உண்டு. ஆண்டில் 73 நாள் காற்றால் படகு விட முடியாது என்றால், 0.8 என்ற திருத்தத்தை நாள் கணக்கில் பெருக்கி 64 என்று எழுதிவிடுகிறார்கள். கடல் கொந்தளிக்கும் நாளின் தாங்குதிறன் பூச்சியம். அமைதியான நாளின் தாங்குதிறன் 80. அறுபத்து நான்கு எந்த நாளுக்கும் உரிய எண் இல்லை. காற்றை ஆண்டுக் கணக்கில்தான் சேர்க்க வேண்டும்: 292 நாள் × 80 = 23,360 வருகை. இந்தக் கரையில் இது இன்னும் முக்கியம். ஐப்பசி முதல் வாடை அடிக்கும்போது வடகடல் குமுறும், தென்கடல் (மன்னார் வளைகுடா) அடங்கியிருக்கும். தென்மேற்குப் பருவத்தில் தலைகீழ். காரங்காட்டுக்குப் போட்ட நாட்காட்டி குருசடைக்கு உதவாது.

சராசரி செய்யும் கெடுதல் இத்தோடு முடியவில்லை. ஆண்டு வருகை வரம்புக்குள் இருந்தாலும், தை அமாவாசையும் ஆடி அமாவாசையும் இராமேசுவரத்தில் குவிக்கும் கூட்டத்தில் சிறு பங்கு படகுத்துறைக்குத் திரும்பினாலும் அன்று வரம்பு உடைந்துவிடும். பவளத்துக்கு உடைந்த அந்த ஒரு நாள்தான் கணக்கு. மற்ற நாள் காலியாக இருந்ததை அது சேர்த்து வைத்துக்கொள்ளாது. பள்ளி விடுமுறை வரும் மே மாதம்தான் கடல்நீர் கடுமையாகச் சூடேறும் பருவமும். 2010-லும் 2016-லும் மன்னார் வளைகுடாப் பவளங்கள் பெருமளவில் வெளுத்தன. வெளுத்த பவளம் உடனே சாவதில்லை, உயிருக்குப் போராடிக்கொண்டிருக்கும். அந்த வாரங்களில் ஒரு கால் மிதி, ஒரு நங்கூர இழுப்பு மற்ற நாளைவிட அதிகம் கெடுக்கும். எனவே கோடையில் கூட்டம் கூடும்போது தாங்குதிறன் குறைகிறது. நங்கூரம் போடாமல் கட்டிவைக்க நிலையான மிதவைகள் அமைப்பது, நடைபாதையை விட்டு இறங்காமல் பார்த்துக்கொள்வது, கடற்புல் திட்டுகளின் மேல் புரொப்பல்லர் உரசாத வழியில் படகைக் கொண்டுபோவது ஆகியவை வரம்பை உயர்த்தும். டிக்கெட் கட்டணத்தை ஏற்றுவது மட்டும் உயர்த்தாது.

வரம்பு என்றதும் ‘ஊருக்கு வரும் பணம் போச்சே’ என்ற கவலை எழுகிறது. நியாயமான கவலை. அமெரிக்கத் தேசியப் பூங்காத் துறை பராமரிக்கும் எல்லா இடங்களின் கணக்கைப் பார்ப்போம். 2023-ல் 32 கோடியே 55 லட்சம் வருகை. பூங்காக்களைச் சுற்றியுள்ள ஊர்களில் வந்தவர்கள் செலவிட்டது 2,640 கோடி டாலர், வருகைக்குச் சராசரி சுமார் 81 டாலர். அதனால் நின்ற வேலைகள் 4,15,400. செலவில் தங்குமிடங்களுக்குப் போனது 990 கோடி, உணவகங்களுக்கு 520 கோடி. நுழைவுக் கட்டணம் இவற்றின் பக்கத்தில் சிறு தொகை. 2024-ல் வருகை 33 கோடியே 19 லட்சமாக ஏறி, அதுவரை இல்லாத உச்சம் தொட்டது. அதே ஆண்டுகளில் ஆர்ச்சஸ் போன்ற பூங்காக்கள் நேரச்சீட்டு முறைக்கு, அதாவது குறித்த நேரத்துக்கு முன்பதிவு செய்து நுழையும் முறைக்குப் போயின. (வருகை வேறு, வருகையாளர் வேறு. ஒருவரே மூன்று நாள் நுழைந்தால் மூன்று வருகை. பல செய்திகளில் இது குழம்பிக் கிடக்கிறது.)

இந்த எண்களிலிருந்து நம் கரை எடுத்துக்கொள்ள வேண்டியது: வரம்பு தீவில் கால் வைப்பவருக்கு, பணம் வருவது கரையில் தங்கிச் சாப்பிடுபவரிடமிருந்து. பொட்டலச் சோறோடு வேனில் வந்து, படகேறி, இருட்டுமுன் திரும்பும் நூறு பேரைவிட, ஓர் இரவு தங்கி ஊர்ச் சமையலில் மீன்குழம்பு சாப்பிடும் நாற்பது பேர் ஊரில் அதிகம் விட்டுப்போகக்கூடும். டீசலும் தண்ணீர் பாட்டிலும் வெளியிலிருந்து வந்தால் அதற்கான பணம் வெளியே போய்விடும். இதைப் பொருளியலில் கசிவு என்பார்கள். இன்னொரு எச்சரிக்கையும் தேவை. அமெரிக்கக் கணக்கு பூங்காவிலிருந்து சுமார் 60 மைல் வட்டத்தில் நடந்த செலவை எடுக்கிறது. அதை அப்படியே இங்கே பெயர்த்தால் இராமநாதசுவாமி கோயிலுக்கு வந்தவர் செலவெல்லாம் பூங்காவின் வரவாகிவிடும். பயணத்தின் நோக்கத்தைக் கேட்டுப் பிரிக்காத எந்தப் பொருளாதாரக் கணக்கும் இந்த மாவட்டத்தில் செல்லாது.

மீன்பிடித் தொழிலில் இந்தக் கரை வரம்போடு பழகியே இருக்கிறது. பாக் நீரிணையில் வாரத்தில் மூன்று நாள் விசைப்படகு, நான்கு நாள் நாட்டுப்படகு. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுகளுக்குத் தடைக்காலம். இவற்றை யாரும் தாங்குதிறன் என்று சொல்வதில்லை. ஆனால் எந்தப் படகு, எந்த நாள், எந்தக் கடல் என்று மூன்றையும் சேர்த்துச் சொல்லும் ஒழுங்கு இவற்றில் இருக்கிறது.

சுற்றுலாவுக்கு எழுதும்போதும் அந்த ஒழுங்கு வேண்டும். ‘தீவின் தாங்குதிறன் 80’ என்று எழுதினால் குறை வாக்கியம். ‘தென்கடல் அமைதியாக இருக்கும் மாதங்களில், ஆறு வழிகாட்டிகள் பணியில் இருக்கும்போது, இந்த நடைபாதையின் தாங்குதிறன் நாளொன்றுக்கு 80 வருகை, பவளம் வெளுத்திருக்கும் வாரங்களில் இது மறுகணக்குக்கு உட்பட்டது’ என்று எழுதினால் நிறைவு.