ட்ரிப்யூன்: ரோமிலிருந்து நியூயார்க் வரை

சிகாகோவிலும் சண்டிகரிலும் ட்ரிப்யூன் என்ற பெயரில் நாளிதழ் வருகிறது. ட்ரிப்யூனல் என்ற சொல்லோடு ஒட்டி ஒலிப்பதால், 'தீர்ப்புச் சொல்வது' என்று பலரும் பொருள் கொள்கிறார்கள். அது சரியல்ல.

வேர் இலத்தீன். ட்ரிபுஸ் என்றால் குடி, குலப்பிரிவு. அதிலிருந்து வந்தது ட்ரிபூனுஸ். படைத்தலைவர்களுக்கும் இந்தப் பெயர் இருந்தது என்றாலும், நிலைத்து நின்ற பொருள் வேறு. கி.மு. 494-இல், கடன் தொல்லையும் மேட்டுக்குடியினரின் கெடுபிடியும் பொறுக்காமல் ரோமின் எளிய மக்கள் ஊரை விட்டு வெளியேறி ஒரு குன்றில் போய் உட்கார்ந்துவிட்டார்கள் என்பது வழிவழியாகச் சொல்லப்படும் வரலாறு. அவர்களைத் திரும்ப அழைக்க நடந்த பேச்சில் கிடைத்ததுதான், தங்களுக்கென ட்ரிபூனுஸ்களைத் தாங்களே தேர்ந்தெடுக்கும் உரிமை. அதிகாரி ஒருவர் எளியவன் மேல் கை வைத்தால் ட்ரிபூனுஸ் நடுவில் புகுந்து தடுப்பார். 'வீட்டோ', அதாவது 'தடுக்கிறேன்' என்றால் போதும், ஆணை நின்றுவிடும். அவரைத் தொட்டுத் துன்புறுத்துவது தெய்வக் குற்றம். அவர் வீட்டுக் கதவு இரவும் பகலும் திறந்தே இருக்க வேண்டும். அந்தப் பதவியின் முழுப் பொருளும் இந்த ஒரு விதியில் அடங்கியிருக்கிறது என்பேன்.

இந்தச் சொல்லை எடுத்துத் தன் பத்திரிகைக்குச் சூட்டியவர் அமெரிக்கப் பத்திரிகையாளர் ஹொரஸ் கிரீலி. 1811-இல் நியூ ஹாம்ப்ஷயரில் ஏழை விவசாயி வீட்டில் பிறந்தவர். தந்தை கடனில் நிலத்தை இழந்தார். மகன் பதினைந்து வயதில் வெர்மான்ட்டில் ஓர் அச்சகத்தில் எழுத்துக் கோக்கும் வேலைக்குப் போனார். 1831-இல் நியூயார்க் வந்து, 1841 ஏப்ரல் 10 அன்று 'நியூயார்க் ட்ரிப்யூன்' முதல் இதழை வெளியிட்டார். விலை ஒரு சென்ட். அடிதடி, கொலைச் செய்திகளை நம்பி விற்ற மலிவு விலைத் தாள்களின் காலம் அது. கிரீலி அடிமை முறை ஒழிப்பு, தொழிலாளர் உரிமை, நிலமற்றவர்களுக்கு நிலம் என்று எழுதினார். லண்டனிலிருந்து கார்ல் மார்க்ஸ் பத்தாண்டுகள் இதற்கு எழுதினார். 1853-இல் இந்தியாவில் பிரிட்டிஷ் ஆட்சி பற்றியும், பிறகு 1857 கிளர்ச்சி பற்றியும் அவர் எழுதிய கட்டுரைகள் வந்தது இந்தத் தாளில்தான்.

பெயருக்கு ஏற்ப கிரீலி நடந்தாரா? 1848 டிசம்பரில், காலியான ஓர் இடத்துக்காக அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸுக்குப் போனார். மூன்று மாதப் பதவி. போனதும் சக உறுப்பினர்களின் பயணப்படிக் கணக்கைக் கையில் எடுத்தார். போக ஒரு மைலுக்கு 40 சென்ட், வர 40 சென்ட். சுற்றுவழியைக் காட்டிப் பலரும் பணம் வாங்கியிருந்தார்கள். குறுக்குவழி அஞ்சல் பாதையின் தூரத்தோடு ஒப்பிட்டு, யார் எவ்வளவு கூடுதலாக வாங்கினார் என்று பெயர் பெயராகத் தன் பத்திரிகையில் அச்சிட்டுவிட்டார். இல்லினாய் உறுப்பினர் ஆபிரகாம் லிங்கன் பெயரும் இருந்தது: 780 மைல் பாதைக்கு 1,626 மைல், கூடுதல் 676 டாலர் 80 சென்ட். சபையே கிரீலி மேல் பாய்ந்தது. சொந்தக் கட்சிக்காரர் என்றும் பார்க்காமல் போட்டாரே, அதுதான் அந்தப் பெயருக்குச் செய்த மரியாதை.

அமெரிக்க உள்நாட்டுப் போர் நடுவே, 1862 ஆகஸ்டில், அடிமைகளை விடுவிக்கத் தயங்குவதாகக் குடியரசுத் தலைவர் லிங்கனுக்கே திறந்த மடல் எழுதினார். தலைப்பு 'இரண்டு கோடி மக்களின் வேண்டுதல்'. லிங்கன் மூன்றே நாளில் பதில் எழுதினார்.

எல்லா நேரமும் அவர் நிதானமாக இருந்தார் என்று சொல்ல முடியாது. போரைப் பற்றி ஒருநாள் ஒன்று, மறுநாள் வேறொன்று எழுதியவர். ஆனால் 1867-இல், விசாரணையே இல்லாமல் இரண்டாண்டு சிறையிலிருந்த போரில் தோற்ற தென் மாநிலங்களின் தலைவர் ஜெஃபர்சன் டேவிஸுக்கு ஜாமீன் கையெழுத்துப் போட்டார். சந்தாதாரர்கள் ஆயிரக்கணக்கில் விலகினார்கள், அப்போதும் பின்வாங்கவில்லை. 1872-இல் பதவியிலிருந்த கிராண்டை எதிர்த்துக் குடியரசுத் தலைவர் தேர்தலில் நின்று படுதோல்வி அடைந்தார். வாக்குப்பதிவுக்குச் சில நாள் முன்பு மனைவி இறந்தார். அந்த நவம்பர் முடிவதற்குள் இவரும் போய்விட்டார்.

இங்கேயும் அந்தப் பெயர் வந்தது. 1881-இல் தயாள் சிங் மஜீதியா லாகூரில் தொடங்கிய 'தி ட்ரிப்யூன்'தான் இன்று சண்டிகரிலிருந்து வருவது.

சரி, தமிழில் என்ன சொல்வது? ட்ரிப்யூனல் இதே குடும்பத்துச் சொல்தான். ரோமில் அதிகாரிகள் உட்கார்ந்து வழக்குக் கேட்ட மேடைக்கு அந்தப் பெயர். பிறகு அது மன்றத்தைக் குறித்தது. அதற்குத் தமிழில் தீர்ப்பாயம், நடுவர் மன்றம் இரண்டும் வழக்கில் உள்ளன. 'காவிரி நடுவர் மன்றம்' என்று சொல்லிப் பழகியவர்கள்தானே நாம். ட்ரிபூனுஸ் ஒரு மன்றம் அல்ல, ஓர் ஆள். அந்தப் பதவிக்குக் 'குடிகாவலர்' என்பது என் பரிந்துரை. ட்ரிபுஸ் போலவே நம் குடியும் குலத்தைக் குறிக்கும், ஆளப்படும் மக்களையும் குறிக்கும். குறளின் 'குடிமை' அதிகாரத்தில் முதல் பொருள், 'மன்னவன் கோல்நோக்கி வாழுங் குடி' என்பதில் இரண்டாவது. 'மக்கள் பிரதிநிதி' என்று எழுதினால் தடுக்கும் அதிகாரம் என்ற உயிர்நாடி போய்விடும். பத்திரிகையின் பெயராக வரும்போது மட்டும் மொழிபெயர்க்க வேண்டாம், ட்ரிப்யூன் என்றே எழுதலாம்.