'போர்டு போச்சு' என்று சொல்வதற்கு முன்

லேப்டாப் ஆன் ஆகவில்லை என்று வருபவர்களிடம் நான் கேட்கும் முதல் கேள்வி, கடைசியாக எப்போது சார்ஜரைச் செருகிப் பார்த்தீர்கள் என்பது. "கிளம்பும்போதுகூட ஒரு தடவை போட்டுப் பாத்தேன் சார், அஞ்சாறு தடவை பட்டனை அழுத்தியும் பாத்துட்டேன்" என்பார்கள். பெரும்பாலும் அதனால் ஒன்றும் ஆகியிருக்காது. ஆனால் உள்ளே ஈரம் போயிருந்தாலோ, மின்சாரத்தைத் திறந்து மூடும் மாஸ்ஃபெட் ஒன்று பாதி செத்திருந்தாலோ, அந்த ஐந்தாறு தடவையில்தான் கால் மணி நேர வேலை காலாவதியான போர்டாக மாறியிருக்கும்.

'ஆன் ஆகவில்லை' என்று சொல்வதிலேயே இரண்டு நோய்கள் கலந்து கிடக்கின்றன. விளக்கு எரிகிறது, ஃபேன் சுற்றுகிறது, திரை மட்டும் இருட்டாக இருக்கிறது என்றால் அது பெரும்பாலும் பவர் பிரச்சினை அல்ல. ரேமைக் கழற்றித் துடைத்து மாட்டினாலே பாதிப் பேருக்குப் படம் வந்துவிடும். விளக்கும் இல்லை, ஃபேனும் இல்லை, ஒரு சிணுங்கல்கூட இல்லை என்றால்தான் இந்தக் கட்டுரையின் கதை.

வீட்டில் செய்து பார்க்கக் கூடியது ஒன்று உண்டு. தண்ணீர் படவில்லை, கருகிய வாசனை இல்லை என்று உறுதியாகத் தெரிந்தால், சார்ஜரை எடுத்துவிட்டு, கழற்ற முடிகிற பேட்டரி என்றால் அதையும் கழற்றிவிட்டு, பவர் பட்டனை 30 விநாடி அழுத்திப் பிடியுங்கள். பிறகு சார்ஜரை மட்டும் போட்டு ஆன் செய்யுங்கள். போர்டில் தேங்கிய மின்சாரம் வடிந்து, தடுமாறி நின்ற கன்ட்ரோலர் புதிதாகத் தொடங்கும். வேடிக்கையாக இருக்கும், ஆனால் பல சமயம் இதுவே போதும். யூஎஸ்பி-சி சார்ஜர் வைத்திருப்பவர்கள் நடுவில் செருகும் சின்ன மீட்டர் ஒன்றை வாங்கி வைத்துக்கொள்ளலாம். அந்தச் சார்ஜர் முதலில் 5 வோல்ட்தான் தரும். லேப்டாப்போடு பேசி ஒப்புக்கொண்ட பிறகே பெரும்பாலும் 20 வோல்ட்டுக்கு ஏறும். மீட்டர் 5-லேயே நின்றால் பேச்சுவார்த்தை முறிந்திருக்கிறது. குற்றவாளி சார்ஜராகவோ கேபிளாகவோகூட இருக்கலாம். வேறொன்றைப் போட்டுப் பாருங்கள்.

இன்னொரு அடையாளமும் உண்டு. சார்ஜரில் ஒரு சின்ன விளக்கு இருந்து, லேப்டாப்பில் செருகியதும் அது அணைந்துபோனால், அல்லது மினுக்கத் தொடங்கினால், உள்ளே மின்சாரம் ஓடும் பெரிய பாதை ஒன்று ஷார்ட் ஆகி, நேராகக் கிரவுண்டோடு (பூஜ்ஜிய வோல்ட் பக்கத்தோடு) ஒட்டியிருக்கிறது. சார்ஜர் தன்னைக் காத்துக்கொள்ள மூடிக்கொள்கிறது. அதைப் பார்த்த பிறகும் திரும்பத் திரும்பச் செருகாதீர்கள்.

போர்டு எப்படி எழுகிறது என்பது தெரிந்தால்தான் அது எங்கே விழுந்தது என்று கேட்க முடியும். டிசி ஜாக் வழியாக வரும் 19 வோல்ட் நேராக எல்லா இடத்துக்கும் போய்விடாது. வாசலில் மாஸ்ஃபெட்டுகள் காவல் நிற்கும். வந்த வோல்டேஜ் சரிதான் என்று, சார்ஜைக் கவனிக்கும் சிப்பான சார்ஜிங் ஐசி கண்டுகொண்டால் அவை திறக்கும். திறந்ததும் 19 வோல்ட் போர்டின் முதன்மைப் பாதைக்கு வரும். அதிலிருந்து 3.3 வோல்ட் பிறக்கும். லேப்டாப் அணைந்து கிடக்கும்போதும் பெரும்பாலான போர்டுகளில் இந்த 3.3 உயிரோடு இருக்கும். இதைக் குடித்துக்கொண்டுதான் ஈசி என்று நாங்கள் சொல்லும் எம்பெடட் கன்ட்ரோலர் (பட்டனையும் பவரையும் கவனிக்கும் சின்ன சிப்) விழித்திருக்கிறது. பவர் பட்டனின் ஒரு முனையில் பெரும்பாலும் அதே 3.3 வோல்ட் நிற்கும். அழுத்தினால் அது கிரவுண்டுக்கு இறங்கும். இறங்கியதை ஈசி பார்த்து, சிபியுவுக்குத் துணை நிற்கும் சிப்செட்டுக்குச் சொல்லும். சிப்செட் சம்மதித்தால் 5 வோல்ட், ரேமுக்கான சப்ளை (டிடிஆர்4 என்றால் 1.2 வோல்ட்), சிப்செட்டின் சொந்தச் சப்ளைகள், கடைசியாக சிபியுவின் மையத்துக்கான கோர் வோல்டேஜ் என்று ஒன்றன் பின் ஒன்றாக எழும். எல்லாரும் 'பவர் குட்' என்று கை தூக்கிய பிறகே ரீசெட் விடுபட்டு, சிபியு, தொடக்க நிரல் இருக்கும் பயாஸ் சிப்பிலிருந்து முதல் கட்டளையைப் படிக்கும்.

கண்ணிமைக்கும் நேரத்தில் முடிந்துவிடும் இந்த ஊர்வலத்தில் யாராவது ஒருவர் உட்கார்ந்துவிட்டால் நமக்குத் தெரிவது ஒன்றுதான்: கறுப்புத் திரை. ஆகவே 'போர்டு போச்சு' என்பதை நான் ஒரு பதிலாகவே எடுத்துக்கொள்வதில்லை. எந்தப் படியில் நின்றது, எந்தப் பாதை ஷார்ட், மீட்டர் எத்தனை ஓம் காட்டியது என்று ரிப்பேர் செய்பவரிடம் நீங்களும் கேளுங்கள். அளந்தவர் யோசிக்காமல் சொல்வார்.

மேசையில் எனக்கு முதல் துணை, ஆம்பியர் காட்டும் பெஞ்ச் பவர் சப்ளை. 19 வோல்ட் வைத்து, கரண்டுக்கு வரம்பு போட்டு இணைத்தால் எண்களே பேசத் தொடங்கும். பட்டனை அழுத்தியும் 0.00 என்றால் வாசலே திறக்கவில்லை. அழுத்தியதும் கொஞ்சம் ஏறி உடனே விழுந்தால் எங்கோ ஒரு சப்ளை எழுந்து, கோளாறைக் கண்டு படுத்துவிட்டது. ஏறி ஓரிடத்தில் அசையாமல் நின்றால் சப்ளைகள் பெரும்பாலும் வந்துவிட்டன, சிபியு வேலையைத் தொடங்கவில்லை. ரேமையோ பயாஸையோ சந்தேகிப்பேன். அளவுகள் போர்டுக்குப் போர்டு மாறும் என்பதால் எண்ணைவிட அது ஏறி இறங்கும் விதத்தைத்தான் பார்ப்பேன்.

அண்மையில் வந்த ஒரு போர்டைச் சொல்கிறேன். வேறோர் இடத்தில் 'மதர்போர்டு மாற்ற வேண்டும்' என்று சொல்லித் திருப்பி அனுப்பியிருந்தார்கள். பேட்டரி கனெக்டரைக் கழற்றிவிட்டு (எந்த வேலைக்கும் முன்னால் இதுதான்) முதன்மைப் பாதைக்கும் கிரவுண்டுக்கும் இடையே மீட்டரை வைத்தேன்: 0.6 ஓம். பல கிலோ ஓம் இருக்க வேண்டிய இடம் அது. அந்தப் பாதையில் மின்சாரத்தைத் தேக்கிச் சீராக்கும் முப்பது நாற்பது செராமிக் கெப்பாசிட்டர்கள் பக்கவாட்டில் இணைந்திருக்கும். எதன் மேல் வைத்தாலும் அதே 0.6 தான், மீட்டரால் ஆளைக் காட்டிக்கொடுக்க முடியாது.

பவர் சப்ளையை 1 வோல்ட்டுக்கு இறக்கி, அந்தப் பாதையில் விட்டேன். போர்டின் மேல் ஐசோபுரொப்பைல் ஆல்கஹாலை மெல்லிய படலமாகத் தடவினேன். இரண்டு மூன்று விநாடி எங்கும் ஈரம் மினுங்கியது. பிறகு சார்ஜிங் ஐசிக்குப் பக்கத்தில், கடுகளவு இடம் மட்டும் சட்டென்று காய்ந்து வெளுத்தது. சுற்றிலும் ஈரம், நடுவில் வறண்ட ஒரு புள்ளி. பழுப்பு நிறத்தில் மற்றவற்றைப் போலவே குற்றமற்ற முகத்தோடு ஒரு கெப்பாசிட்டர். சால்டரை உருக்கும் ஹாட் ஏர் (சூடான காற்று) வைத்து அதைத் தூக்கினேன். மீட்டர் கிலோ ஓம்களுக்குத் தாவியது. அதே மதிப்பும் 25 வோல்ட் தாங்குதிறனும் உள்ள ஒன்றை வைத்தேன். பட்டனை அழுத்தியதும் ஃபேன் சுற்றியது. தெர்மல் கேமரா இருந்தால் ஆல்கஹால்கூட வேண்டாம். ஆனால் காய்ந்து வெளுக்கும் அந்தப் புள்ளியைப் பார்க்கும் சுகம் கேமராவில் இல்லை.

1 வோல்ட் மட்டும் ஏன்? இதற்கு என் சொந்தப் பாவமே விளக்கம். தொழிலுக்கு வந்த புதிதில் இதே போல முதன்மைப் பாதை ஷார்ட் என்று ஒரு போர்டு. அவசரம், 5 வோல்ட் விட்டேன். கெப்பாசிட்டர் எதுவும் சூடாகவில்லை. விரல் நுனியால் தடவிக்கொண்டே போனேன், சூடாக இருந்தது சிபியு. கோர் சப்ளையில் முதன்மைப் பாதையின் பக்கம் இருக்கும் மாஸ்ஃபெட் உள்ளுக்குள் ஒட்டிப்போய், முதன்மைப் பாதை நேராக சிபியுவுக்குள் இறங்கிக்கொண்டிருந்தது. 1 வோல்ட் சுற்றுவட்டாரத்தில் வாழும் சிபியுவுக்கு நான் ஐந்தை ஊட்டியிருக்கிறேன். அது என்னிடம் வரும் முன்பே செத்திருக்கலாம் என்று இன்றும் என்னைத் தேற்றிக்கொள்கிறேன். கோர் வோல்டேஜ் சிபியுவுக்குப் போகும் கோர் காயிலுக்கும் முதன்மைப் பாதைக்கும் இடையே ஒரே ஒரு அளவை எடுத்திருந்தால் அரை நிமிடத்தில் தெரிந்திருக்கும். இப்போது பவர் கொடுக்கும் முன் அதை அளக்காமல் நான் ஒரு போர்டையும் தொடுவதில்லை. சப்ளையிலிருந்து வோல்டேஜ் விடும்போது, எந்தப் பாதையோ அதன் சொந்த வோல்டேஜைத் தாண்டவும் மாட்டேன்.

இதற்கு நேர் எதிரான தவறும் நடக்கிறது. சிபியு கோர் காயிலில் மீட்டரை கன்டினியூட்டியில் (இணைப்பு இருந்தால் ஒலிக்கும் அளவில்) வைத்தால் நல்ல போர்டிலும் 'பீப்' அடிக்கும். அந்தப் பாதையில் ஒரு ஓமோ அதற்கும் குறைவோ காட்டுவது பல சிபியுக்களுக்கு இயல்பு. பீப் கேட்டதும் 'சிபியு ஷார்ட்' என்று தீர்ப்பெழுதி, உயிருள்ள போர்டைக் குப்பைக்கு அனுப்பியவர்கள் இருக்கிறார்கள். ஓம் அளவில் வைத்து எண்ணைப் பாருங்கள், முடிந்தால் அதே மாடல் நல்ல போர்டோடு ஒப்பிடுங்கள்.

திரவம் கொட்டியவர்களுக்குத் தனியாகச் சொல்ல வேண்டும். லேப்டாப்பை அணைத்துவிட்டாலும் பேட்டரி போர்டை விட்டு விலகவில்லை. சில பாதைகளில் வோல்டேஜ் நின்றுகொண்டேதான் இருக்கும். ஈரமும் வோல்டேஜும் சேர்ந்தால் மின்பகுப்பு. தாமிரம் பச்சைப் பொடியாகக் கரையத் தொடங்கும். வெயிலில் வைத்துக் காயவைத்தாலும் தண்ணீர்தான் போகும், அதில் கரைந்திருந்த உப்பும் சர்க்கரையும் ஐசி கால்களுக்கு நடுவே தங்கிவிடும். ஹேர் டிரையர் ஈரத்தை இன்னும் உள்ளே தள்ளும். சார்ஜரைப் பிடுங்குங்கள், பட்டனை அழுத்திப் பிடித்து அணையுங்கள், திருப்பிக் கவிழ்த்து வையுங்கள். அடியைத் திறக்கத் தெரிந்தால் பேட்டரி கனெக்டரைக் கழற்றுங்கள். அன்றைக்கே ஒருவரிடம் கொண்டுபோங்கள். 'ஒரு வாரம் நல்லாத்தான் ஓடிச்சு சார்' என்று வரும் போர்டுகளில்தான் போர்டின் அடுக்குகளை இணைக்கும் நுண்துளைகளுக்குள் இருக்கும் இணைப்புகள் தின்னப்பட்டிருக்கும்.

அப்டேட் பாதியில் நின்று பயாஸ் கெட்டுப்போன போர்டுகளும் 'செத்தது' என்று வரும். எட்டுக் கால் சிப் ஒன்றுதான், எடுத்து, நிரலை மறுபடி எழுதிவிடலாம். ஆனால் எழுதும் முன் உள்ளே இருப்பதைப் படித்துப் பத்திரப்படுத்த வேண்டும். சீரியல் எண்ணும் விண்டோஸ் சாவியும் அதற்குள்தான் பெரும்பாலும் இருக்கின்றன. இணையத்தில் கிடைத்த கோப்பை அப்படியே எழுதியதால் அரை மணிக்கொரு முறை தானாக அணையும் இன்டெல் போர்டுகளைப் பார்த்திருக்கிறேன். சில சிப்கள் 1.8 வோல்ட், 3.3 கொடுக்கும் புரோகிராமரில் (எழுதும் கருவியில்) மாட்டினால் கதை முடிந்தது.

சிப்பைச் சூடு காட்டி எழுப்பும் வித்தை பற்றி ஒரு வரி போதும் என்று நினைத்தேன், மனம் வரவில்லை. ஈயமில்லாத சால்டர் உருகவே 217 டிகிரி வேண்டும். அதற்குக் கீழே காட்டும் சூடு சால்டரைத் தொடுவதில்லை. சிப்புக்குள் விட்டுப்போன இணைப்பைச் சில நாளைக்கு ஒட்டவைக்கிறது, அவ்வளவுதான். அளக்காமல் ஹாட் ஏரை எடுக்கும் கையிடம் உங்கள் போர்டைக் கொடுக்காதீர்கள்.

கடைசியாக, எதையும் கழற்றும் முன் நான் கேட்கும் இன்னொரு கேள்வி: டிரைவைப் பூட்டிவைக்கும் விண்டோஸின் பிட்லாக்கர் போட்டிருக்கிறீர்களா? பலருக்கு அது இயங்கிக்கொண்டிருப்பதே தெரியாது. புது லேப்டாப்புகளில் கணக்கில் நுழைந்ததும் தானாகவே தொடங்கிவிடுவது உண்டு. டிரைவின் பூட்டைத் திறக்கும் சாவி போர்டோடு கட்டப்பட்டது. போர்டை மாற்றினால், சில சமயம் பயாஸைத் திருப்பி எழுதினாலே, அது 48 இலக்க மீட்பு எண்ணைக் கேட்கும். இரண்டு நாள் போராடி எழுப்பிய ஒரு மெஷின் ஆன் ஆகி, நீலத் திரையில் அந்த எண்ணைக் கேட்டது. உரிமையாளர் என்னைப் பார்த்தார், நான் அவரைப் பார்த்தேன். நல்ல வேளையாக அவருடைய மைக்ரோசாஃப்ட் கணக்கில் அது சேமிக்கப்பட்டிருந்தது. போனில் தேடி எடுத்து, ஒவ்வோர் இலக்கமாக அவர் வாசிக்க வாசிக்க நான் தட்டினேன்.