கறுப்புப் பட்டையைத் திட்டாதீர்கள்

வேலூர்க் கோட்டை மதிலை அகழியோடு சேர்த்துப் படம் பிடிக்க அகலமான சட்டகம் வேண்டும். உள்ளே போய் ஜலகண்டேசுவரர் கோயில் கோபுரத்தை எடுக்கும்போது அதே அகலம் இடைஞ்சல். திரைப்படங்களுக்கும் ஒரே வடிவம் போதாததற்குக் காரணம் இதுதான். டிவியில் படம் ஓடும்போது ஓரங்களில் தெரியும் கறுப்புப் பட்டைக்கும் அதுவே காரணம்.

1932-ல் ஹாலிவுட் 1.37 என்ற விகிதத்தை நிலைப்படுத்தியது. உயரம் ஒரு பங்கு என்றால் அகலம் 1.37 பங்கு. தொலைக்காட்சி வீட்டுக்குள் நுழைந்து தியேட்டர் கூட்டத்தைக் குறைத்ததும், 1953-ல் சினிமாஸ்கோப் வந்தது. கேமராவின் அனமார்ஃபிக் லென்ஸ் காட்சியைப் பக்கவாட்டில் பாதியாக ஒடுக்கிப் பிலிமில் பதிக்கும். தியேட்டர் லென்ஸ் அதை மறுபடி விரிக்கும். தமிழில் 1973-ல் 'ராஜராஜ சோழன்' இந்த வடிவில் வந்தது. இன்றைய அகலத்திரை விகிதம் 2.39.

இன்றைய டிவியின் 16:9, அதாவது 1.78, இவற்றுக்கு நடுவே செய்துகொண்ட சமரசம். பழைய டிவியின் 1.33-ஐயும் அகலத்திரையின் 2.39-ஐயும் பெருக்கி வர்க்கமூலம் எடுத்துப் பாருங்கள், ஏறக்குறைய அதுவே வரும். அதனால் பழைய படத்துக்கு இருபக்கமும் பட்டை, அகலப் படத்துக்கு மேலும் கீழும் பட்டை. 65 அங்குல டிவியில் 2.39 படம் ஓடினால் மேலே நான்கு அங்குலம், கீழே நான்கு அங்குலம் இருட்டு. பொறுக்காமல் ஜூம் பொத்தானை அழுத்தினால் படத்தின் அகலத்தில் கால்வாசி பறிபோகும். இரு ஓரங்களில் நின்று பேசும் இருவரில் ஒருவருடைய மூக்கு மட்டும் தெரிவதை ரசிப்பவர்கள் அழுத்தலாம்.

புரொஜெக்டர் வாங்குபவர்கள் 2.39 திரைக்கு ஆசைப்படுகிறார்கள். உயரம் மாறாமல் அகலம் மட்டும் கூடும்போது கிடைக்கும் தியேட்டர் உணர்வு உண்மைதான். ஆனால் அதற்குச் சுவர் நீளமாக இருக்க வேண்டும். சத்துவாச்சாரியிலோ காட்பாடியிலோ பத்தடி அறையில் எட்டடித் திரைதான் கட்ட முடியும் என்று வையுங்கள். 2.39 திரையின் உயரம் சுமார் 40 அங்குலம். அதில் 16:9 நிகழ்ச்சி ஆறடி அகலத்துக்குச் சுருங்கிவிடும். அதே எட்டடியில் 16:9 திரை கட்டினால் உயரம் நாலரை அடி. அகலப் படம் அதே எட்டடியில் ஓடும், கிரிக்கெட்டும் முழுதாகத் தெரியும். குறுகிய அறைக்கு இதுவே என் சிபாரிசு.

புரொஜெக்டரின் கறுப்பு உண்மையில் சாம்பல். கொஞ்சம் ஒளி கசியும். கறுப்பு வெல்வெட் துணி ஒட்டிய இரண்டு பலகைகளைத் திரையின் மேலும் கீழும் பொருத்தினால் அது மறையும், படமும் பளிச்சென்று தோன்றும். மே மாத வேலூரில் ஜன்னலை அடைத்துவிட்டு உட்கார்ந்து பார்ப்பது தனிப் பாடு, அதற்கு ஏ.சி. வாங்கத்தான் வேண்டும்.