சி3 குறைந்தால் சத்து டப்பா வாங்காதீர்கள்

நேற்று என் மேசைக்கு வந்தது இந்த வருடத்தின் நான்காவது டப்பா. மூடியில் ஒரு கேடயம், கேடயத்துக்குள் சிரிக்கிற பையன், அதற்குக் கீழே 'எதிர்ப்பு சக்தி' என்று கொட்டை எழுத்து. விலை ஐந்நூற்றுச் சொச்சம். கொண்டுவந்த அம்மா மன்னார் வளைகுடாத் தீவுப் பக்கம் பாசி எடுக்கப் போகிறவர். அந்தக் காசுக்கு எத்தனை முறை மூழ்கி எழுந்திருப்பார் என்று நினைத்ததும் எனக்குக் கோபம் வந்துவிட்டது. அவர் மேல் இல்லை, விற்றவர் மேல்.

பையனுக்கு எட்டு வயது. காலையில் எழும்போது கண் இமை இரண்டும் வீங்கி முகம் மதமதவென்று இருக்கிறது, மதியத்துக்கு மேல் கொஞ்சம் வடிகிறது. இரண்டு நாளாக மூத்திரம் வரக்காப்பி நிறத்தில், அதுவும் அளவு குறைந்து போகிறது. அப்பத்தா அதை உடம்புச் சூடு என்று முடிவு செய்து தினமும் மூன்று இளநீர் வெட்டிக் கொடுத்திருக்கிறார். ரத்த அழுத்தம் பார்த்தேன், 140/96. எனக்கு இருந்தாலே கவலைப்பட வேண்டிய அளவு, எட்டு வயதுப் பையனுக்கு! முழங்காலுக்குக் கீழே காய்ந்துபோன சிரங்குத் தழும்புகள், விரலிடுக்கில் இன்னும் ஆறாத இரண்டு மூன்று. எந்தக் குழந்தை மருத்துவருக்கும் இதற்கு மேல் கதை சொல்லத் தேவையில்லை. சிரங்குக்குப் பின் வரும் சிறுநீரக அழற்சி. எங்கள் கடற்கரையில் பார்த்துப் பார்த்துப் பழகிய நோய்.

ஆனால் அந்த அம்மா கையில் ஏற்கெனவே ஒரு லேப் ரிப்போர்ட் இருந்தது, இன்னொரு இடத்தில் எழுதிக் கொடுத்து எடுத்தது. சி3 என்ற ரத்தப் புரதத்துக்கான வரியில் 31. சாதாரணமாக 90க்கு மேல் இருக்க வேண்டும். அதை வாங்கிப் பார்த்த ஒருவர், "சி3ன்னா எதிர்ப்பு சக்திம்மா, உன் பிள்ளைக்கு அது மூணுல ஒரு பங்குதான் இருக்கு" என்று சொல்லி டப்பாவை எடுத்து நீட்டியிருக்கிறார்.

இதில் எரிச்சல் என்னவென்றால், அவர் சொன்னதில் பாதி சரி. முழுப் பொய்யாக இருந்தால் ஒரே வரியில் மறுத்துவிட்டு அடுத்த பிள்ளையைக் கூப்பிடலாம். பாதி சரியானதை மறுக்கத்தான் நேரம் ஆகிறது, அந்த நேரத்தில் வெளியே பெஞ்சில் இருபது பேர் உட்கார்ந்திருக்கிறார்கள். அதனால் இங்கே ஒருமுறை உட்கார்ந்து எழுதிவிடுகிறேன்.

நம் ரத்தத்தில் முப்பதுக்கும் மேற்பட்ட புரதங்கள் ஒரு கூட்டாக வேலை செய்கின்றன. காம்ப்ளிமென்ட் என்று நாங்கள் சொல்வோம், பாடநூல் தமிழில் நிரப்பு மண்டலம். கிருமியைக் குறிவைத்து உடம்பு செய்யும் ஆன்டிபாடி என்ற புரதம் மட்டும் இருந்தால் கிருமி சாகவில்லை, சூடாக்காத சீரத்தில் (ரத்தம் உறைந்தபின் மிஞ்சும் தெளிநீரில்) இருக்கும் இன்னொன்றும் சேர்ந்தால்தான் சாகிறது, 56 டிகிரிக்குச் சூடாக்கினால் அந்த இன்னொன்று செயலிழந்துவிடுகிறது என்பதைக் காட்டியவர் பெல்ஜியத்தின் ஜூல் போர்டே. 1919க்கான நோபல் பரிசு அவருக்குப் போனது. ஆன்டிபாடியின் வேலையை நிரப்பிக் கொடுப்பதால் அந்தப் பெயர். ஆன்டிபாடி இல்லாமலேயே கிருமியின் மேல்தோலைக் கண்டு கிளம்பும் வழிகளும் இதற்கு உண்டு என்பது பிறகுதான் தெரிந்தது, பெயர் மட்டும் அப்படியே நின்றுவிட்டது.

இந்தக் கூட்டத்தில் நடு ஆள் சி3. எந்த வழியாகக் கிளம்பினாலும் இவரிடம் வந்துதான் ஆக வேண்டும். கிருமி கிடைத்தால் சி3 இரண்டாக வெட்டுப்படும். பெரிய துண்டு போய்க் கிருமியின் மேல் ஒட்டிக்கொள்ளும், ஒட்டியதைப் பார்த்து வெள்ளை அணுக்கள் விழுங்கும். சின்னத் துண்டு ரத்தக் குழாயைத் தளர்த்தி, அக்கம்பக்கத்தில் இருக்கிறவர்களை உசுப்பிவிடும். கடைசியில் வருகிற ஆட்கள் சில கிருமிகளின் சவ்வில் ஓட்டையே போட்டுவிடுவார்கள்.

இதில் கவனிக்க வேண்டியது ஒன்றுதான். வெட்டுப்பட்ட சி3 திரும்ப ஒட்டாது. செலவானது செலவானதுதான், கல்லீரல் புதிதாகச் செய்து அனுப்பினால் உண்டு.

இப்போது அந்த 31க்கு வருவோம். நாள் முழுக்க வெயில் அடிக்கிற பாம்பன் துறையில் ஒருநாள் போய் நிற்கிறீர்கள், ஒரு படகையும் காணோம். ஊரில் படகே இல்லை, உடனே நான்கு படகு செய்யச் சொல்லுங்கள் என்பீர்களா? எல்லாம் தொழிலுக்குப் போயிருக்கிறது. எங்கே போயிருக்கிறது, ஏன் ஒரே இடத்துக்கு மொத்தமாகப் போயிருக்கிறது என்றுதானே கேட்பீர்கள்?

பையனின் சி3 போன இடம் சிறுநீரகம். சிரங்கில் புகுந்த ஸ்ட்ரெப்டோகாக்கஸ் என்ற கிருமியின் துணுக்குகளும், அதற்கு எதிராக உடம்பு செய்த ஆன்டிபாடிகளும் சிறுநீரக வடிகட்டிகளில் போய்ப் படிந்துவிடுகின்றன. தோலில் புண் ஆறி மூன்று வாரம், சில பிள்ளைகளுக்கு ஆறு வாரம்கூட ஆகியிருக்கும், வீட்டில் எல்லோரும் மறந்திருப்பார்கள். அங்கே படிந்ததைக் கண்டு காம்ப்ளிமென்ட் பற்றிக்கொள்கிறது. மேல்படிப்புக் காலத்தில் இப்படியான ஒரு சிறுநீரகத் துண்டை ஒளிரும் சாயம் ஏற்றி நுண்ணோக்கியில் காட்டினார்கள். இருட்டில் பச்சைப் பச்சையாகப் புள்ளிகள், வடிகட்டி முழுக்க இறைத்துவிட்ட மாதிரி. 'நட்சத்திர வானம்' என்றே அதற்குப் பெயர். அந்தப் புள்ளிகள்தான் சி3. ரத்தத்தில் காணாமல் போனது அங்கே மின்னிக்கொண்டிருந்தது.

ஆக, பிள்ளைக்கு எதிர்ப்பு சக்தி பற்றாமல் இந்த நோய் வரவில்லை. எதிர்ப்பு சக்தி போகக்கூடாத இடத்துக்குப் போய் மும்முரமாக வேலை பார்த்ததால் வந்தது. அந்த நேரத்தில் 'எதிர்ப்பு சக்தியைக் கூட்டு' என்பது எரிகிற கூரைக்கு எண்ணெய் கொண்டு ஓடுவது. நல்ல வேளையாக டப்பாவுக்கு அந்தச் சாமர்த்தியமும் கிடையாது, எந்தப் பவுடரும் இந்த நோயில் சி3யை ஏற்றாது. கொரோனாவுக்குப் பிறகு இந்தச் சொல் ஊரெல்லாம் பரவிவிட்டது. தலைவலிக்கும் எதிர்ப்பு சக்தி, பரீட்சைக்கும் எதிர்ப்பு சக்தி. எதிர்ப்பு சக்தி என்பது கூட்டக் கூட்ட நல்லதாகிற பொருள் இல்லை சாமி. உங்கள் உடம்பிலேயே இந்த சி3 தன் சொந்தச் செல்லின் மேல் ஒட்டிவிடாமல் பார்த்துக்கொள்ளத் தனியாகச் சில புரதங்கள் இருக்கின்றன. ஒட்டினால் உடனே முறித்துப்போடுவதே அவற்றின் வேலை. அடக்குகிற ஆட்கள் இல்லாமல் பிறந்த குழந்தைகளுக்கு வரும் நோய்களைப் பார்த்தவர்கள் 'பூஸ்ட்' என்ற வார்த்தையையே சொல்ல மாட்டார்கள்.

டப்பாவால் கெடுதல் இல்லையே என்று கேட்பவர்களுக்கு: சிறுநீரகம் தடுமாறும் நேரத்தில் கூடுதல் பொட்டாசியமும் பாஸ்பரஸும் கெடுதல்தான். இளநீரும் அதே காரணத்துக்காகக் கூடாது, அதில் பொட்டாசியம் நிறைய. மூத்திரம் கறுத்து, குறைந்து, முகம் வீங்கிய பிள்ளைக்கு இளநீர் கொடுக்காதீர்கள். வேறெப்போதும் தாராளமாகக் கொடுங்கள், இப்போது மட்டும் வேண்டாம். கருவாடு, ஊறுகாய், அப்பளம் எதுவும் வேண்டாம். குடிக்கிற தண்ணீரையும் நாங்கள் அளந்துதான் சொல்வோம், "தண்ணி நிறைய குடிச்சா கழுவிக்கிட்டுப் போயிரும்" என்ற யோசனையை மூட்டை கட்டி வையுங்கள். வெளியேறாத தண்ணீர் நுரையீரலுக்கும் போகும். தலைவலி, வாந்தி, கண் மங்கல், மூச்சு வாங்கல் இதில் எது இருந்தாலும் விடியட்டும் என்று காத்திருக்காமல் அந்த ராத்திரியே பெரியாஸ்பத்திரிக்குக் கிளம்புங்கள். ரத்த அழுத்தம் ஏறி வலிப்போடு வந்த பிள்ளைகளை நான் பார்த்திருக்கிறேன்.

பயப்படுவதற்காக இதைச் சொல்லவில்லை. நேரத்துக்கு வந்தால் அநேகமாக எல்லாப் பிள்ளைகளும் முழுசாகத் தேறிவிடுகிற நோய் இது. நீர் இறங்க மருந்து, அழுத்தத்துக்கு மருந்து, உப்பில்லாச் சாப்பாடு, அவ்வளவுதான் பெரும்பாலும்.

தடுப்பது என்றால் சிரங்கில் தொடங்க வேண்டும். இதில் பிள்ளை வளர்ப்பைக் குறை சொல்லி "சுத்தமா இருக்கணும்மா" என்று பாடம் எடுக்கிற என் சக மருத்துவர்கள் ஒருமுறை எங்கள் ஊர்த் தள்ளுவண்டியைப் பார்க்கட்டும், குடம் குடமாகக் காசு கொடுத்து வாங்கிய நல்ல தண்ணீரை வெயிலில் தள்ளிக்கொண்டு போகிறார்கள். சிரங்குக்கு வழி விடுகிற சொறி அழுக்கால் வருவதில்லை. தோலுக்குள் வளை தோண்டும் ஒரு சிறுபூச்சியால் வருகிறது, ஒரே பாயில் நெருங்கிப் படுத்தால் பரவுகிறது. ராத்திரியில் அரிப்பு கூடும், சொறிந்த இடத்தில் ஸ்ட்ரெப்டோகாக்கஸ் ஏறும். இன்னொரு சங்கதி, எனக்கு ரொம்பப் பிடித்தது: அந்தப் பூச்சி நம் காம்ப்ளிமென்ட்டையே மட்டுப்படுத்தும் புரதங்களைச் சுரக்கிறது. நம் ரத்தச் சாறைக் குடிக்கிறதல்லவா, தன் குடலைக் காப்பாற்றிக்கொள்ள. அந்த மறைவில் ஸ்ட்ரெப்டோகாக்கஸும் சவுகரியமாக வளர்கிறது என்று ஆய்வகச் சோதனைகளில் பார்த்திருக்கிறார்கள். கூட்டுக் களவாணிகள்.

பெர்மெத்ரின் 5 சதவீத க்ரீம் எழுதிக் கொடுத்தால் புண் இருக்கும் இடத்தில் மட்டும் பொட்டு வைக்காதீர்கள். கழுத்திலிருந்து உள்ளங்கால் வரை, நகத்தடி, தொப்புள், இடுக்கு ஒன்று விடாமல் ராத்திரி பூசி காலையில் குளிக்க வேண்டும், ஒரு வாரம் கழித்து இன்னொரு முறை. கைக்குழந்தை இருந்தால் கேட்டுவிட்டுப் பூசுங்கள். வீட்டில் அரிப்பு இல்லாதவர்கள் உட்பட எல்லோரும் ஒரே ராத்திரியில் பூச வேண்டும். அப்பா கடலில் இருக்கும்போது மற்றவர்கள் பூசிக்கொண்டால் அவர் கரைக்கு வந்ததும் பூச்சியும் திரும்ப வந்துவிடும், அதனால் அவர் வீட்டில் படுக்கிற நாளாகப் பாருங்கள். கடலில் குளித்தால் சிரங்கு போய்விடும் என்பது போகாது. அப்புறம் மருந்துக்கடையில் 'படை க்ரீம்' என்று கேட்டு வாங்கிப் பூசுவது, தயவுசெய்து வேண்டாம். பலவற்றில் ஸ்டீராய்டு கலந்திருக்கும், அரிப்பு அடங்குகிற மாதிரி இருக்கும், உள்ளே பூச்சி பெருகும்.

கடைசியாக ஒரு கெஞ்சல். முகம் வடிந்து பிள்ளை விளையாடப் போனதும் யாரும் திரும்ப வருவதில்லை. சி3யை நாங்கள் மறுபடி பார்ப்பது சும்மா இல்லை. இந்த நோயில் அது ஆறிலிருந்து எட்டு வாரத்துக்குள் தானாக ஏறிவிடும். உங்கள் கணக்கில் சொன்னால் ஏப்ரல் 15இல் தொடங்கி ஜூன் 14 வரை படகு கட்டிக் கிடக்கிறதே, அந்த 61 நாள் தடைக்காலம், அதற்குள். அதற்குப் பிறகும் ஏறவில்லை என்றால் நாங்கள் நினைத்த நோய் அது இல்லாமல் இருக்கலாம். லூபஸ் (எதிர்ப்பு சக்தி சொந்த உடம்பையே தாக்கும் நோய்) மாதிரியோ, காம்ப்ளிமென்ட்டே அடங்காமல் எரியும் வேறு சிறுநீரக நோயோ என்று தேட வேண்டியிருக்கும், சதைத்துண்டு எடுத்துப் பார்க்க வேண்டியிருக்கும். மூத்திரத்தில் கண்ணுக்குத் தெரியாத ரத்தம் மட்டும் ஒரு வருடம் வரைகூட இருக்கும், அதற்குப் பதற வேண்டாம்.

இந்த வருடத்தின் முதல் டப்பாவோடு வந்த பையன், நான் சொன்ன தேதிக்குச் சரியாக வந்தான். சி3 118. எனக்கு அவ்வளவு சந்தோஷம், அவன் அப்பத்தாவுக்கு அதைவிட. முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு மெதுவாகச் சொன்னார்: "நீங்க வேணாம்னு சொன்னாலும் நான் நிறுத்தலை டாக்டரம்மா. தெனம் ரெண்டு கரண்டி பால்ல கலக்கிக் குடுத்தேன். பாத்தீங்களா, ஏறிருச்சு."

நேற்று வந்த பையன் அதே தெரு.